மதிய இடைவேளையில் ஒரு மேலாளர்

அந்தச் சலவைக்கூடத்தில் கிழிந்த விரிப்புகளைத் தைப்பது அவள் வேலை. அதனால் 'கிழிசல்' என்று பெயர் வந்தது. வேலையைப் பார்த்து வைத்த பெயர்தான் என்றாலும் வாய்க்கும் பொருந்தியது. வாயிற்காவலர் பையைத் துழாவும்போது முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொள்வதையும், கண்காணிப்பாளர் தும்முவதற்கு முன்னால் கடிகாரத்தைப் பார்ப்பதையும் அவள் செய்து காட்டினால் பார்க்கிறவர்களுக்கு வயிறு வலிக்கும். ஒருவரை இரண்டு நாள் பார்த்தால் போதும், மூன்றாம் நாள் அவர் இவள் உடம்புக்குள் வந்து உட்கார்ந்துவிடுவார்.

ஆஸ்பத்திரிகளிலிருந்தும் விடுதிகளிலிருந்தும் மூட்டை மூட்டையாக விரிப்புகள் வரும். துவைக்கிற பகுதியில் ஆண்கள். அரை ஈரத்தோடு வருவதை உருளை இயந்திரத்துக்குள் விட்டு, மறுபக்கம் கொதிக்கக் கொதிக்க வெளியே வருவதைப் பிடித்து மடிக்கிற பகுதியில் முப்பத்திரண்டு பெண்கள். கிழிசலின் தையல் மெஷின் அந்தக் கூடத்தின் மூலையில் இருந்தது. மடிப்பு மேசையில் முதல் ஆள் அவளுடைய அண்ணன் மனைவி. கிழிசல் கூப்பிடுவதைக் கேட்டுக் கேட்டு, வயதில் மூத்தவர்கள்கூட அவளை 'அண்ணி' என்றே கூப்பிடப் பழகிவிட்டார்கள்.

கூடத்தின் சூட்டை வெளியே தள்ளும் பெரிய விசிறி எட்டு மாதங்களுக்கு முன் நின்றுபோயிருந்தது. பின்வாசலையாவது திறந்து வைத்திருக்கலாம். ஆனால் எப்போதோ இரண்டு மூட்டை விரிப்புகள் அந்த வழியாகக் காணாமல் போனதிலிருந்து கதவுக்குப் பூட்டுப் போட்டு, சாவியை மேலாளர் தன் மேசை இழுப்பறையில் வைத்துக்கொண்டார். கூடம் கொதிக்கும் அண்டாவுக்குள் இருப்பது போல இருந்தது. ஒரு நாள் இயந்திரத்தில் விரிப்பை விட்டுக்கொண்டிருந்த ஒருத்தி அப்படியே மயங்கிச் சரிந்தாள். அவள் விரல்களுக்கும் உருளைக்கும் நடுவே ஒரு சாண்கூட இல்லை. பக்கத்தில் நின்ற நெட்டையான பெண், எல்லோரும் 'ஒட்டடைக்குச்சி' என்று கூப்பிடுபவள், இடுப்பைப் பிடித்து இழுக்காவிட்டால் கை போயிருக்கும்.

இதற்கு முன் இரண்டு முறை ஆட்கள் மேலாளர் அறைக்குப் போய்ப் பேசியிருந்தார்கள். முதல் முறை விசிறியைக் கேட்கப் போனவர்கள், காலையில் கால் மணி நேரம் முன்னதாக வேலைக்கு வர ஒப்புக்கொண்டு, நன்றியும் சொல்லிவிட்டுத் திரும்பினார்கள். இரண்டாம் முறை போனவர்கள் வெளியே வந்தபோது ஒருத்தி அழுதுகொண்டிருந்தாள். ஏன் என்று அவளுக்கே சொல்லத் தெரியவில்லை. மயக்கம் போட்ட சம்பவத்துக்குப் பிறகு அண்ணியையே அனுப்பினார்கள். அண்ணி பேசினால் எடுபடும் என்று எல்லோருக்கும் நம்பிக்கை. பேருந்து ஓட்டும் அவள் கணவர், ஊரில் எந்த வண்டிக்கும் வழிவிடாதவர், வீட்டில் அவள் ஒரு பார்வை பார்த்தால் செருப்பைச் சரியான இடத்தில் கழற்றி வைப்பார்.

அந்த அண்ணியும் பத்து நிமிஷத்தில் வெறுங்கையோடு வந்தாள். மதியச் சாப்பாட்டு டப்பாவைத் திறந்து வைத்துக்கொண்டு, சாப்பிடாமல், நடந்ததைச் சொன்னாள். உள்ளே போனதும் அவர் நிமிர்ந்தே பார்க்கவில்லையாம். காகிதங்களில் கையெழுத்துப் போட்டுக்கொண்டே இருந்தாராம். எதிரே ஒரு நாற்காலி, அதன் மேல் ஃபைல் அடுக்கு. நிற்பதைத் தவிர வேறு வழியில்லை. பிறகு கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு ஃபோன் வந்தது. அதையும் பேசி முடித்து, "நானும் உங்க குடும்பத்துல ஒருத்தன்தானே, என்கிட்ட சொல்ல என்ன தயக்கம்?" என்று கேட்டபோது, அண்ணிக்கு நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டதாம்.

"வீட்டில் புலி, வெளியில் எலின்னு உங்க அண்ணன் சொல்றது சரிதான்" என்றாள்.

அவளைச் சிரிக்க வைக்கத்தான் கிழிசல் அதைச் செய்தாள். தலையணை உறைகள் நிறைந்த தள்ளுவண்டி மேல் ஏறி உட்கார்ந்தாள். கையில் பேனாவுக்குப் பதிலாக ஒரு தையல் ஊசி. கண்ணுக்குத் தெரியாத காகிதங்களில் கையெழுத்துப் போட்டாள். மூச்சை உள்ளே இழுத்து, இல்லாத கண்ணாடியைக் கழற்றி முந்தானையில் துடைத்து, வெளிச்சத்துக்கு எதிரே தூக்கிப் பார்த்து, மறுபடி துடைத்தாள். கூடமே சிரித்தது. அண்ணியும் சிரித்தாள்.

ஒட்டடைக்குச்சி மட்டும் சிரிப்பைப் பாதியில் நிறுத்தினாள். "அக்கா, அவர் இதெல்லாம் செய்வாருன்னு முன்னாடியே தெரிஞ்சிருந்தா நாம பதில் யோசிச்சு வச்சிருக்கலாமே" என்றாள்.

மறுநாளிலிருந்து மதிய இடைவேளையில் பதினைந்து நிமிஷம் சாப்பாடு, பதினைந்து நிமிஷம் மேலாளர் என்று ஆனது. மடிப்பு மேசைக்குப் பின்னால் கிழிசல் உட்காருவாள். எதிரே ஒரு நாற்காலியில் துண்டுகளை அடுக்கி வைப்பார்கள். இருவர் இருவராக உள்ளே வந்து விசிறியைக் கேட்க வேண்டும். மற்றவர்கள் சுற்றி நின்று பார்ப்பார்கள். முதல் இரண்டு நாள் வந்தவர்கள் எல்லோரும் தோற்றார்கள். சிரித்துக்கொண்டே தோற்றார்கள். "உங்க கஷ்டம் எனக்குப் புரியாதா?" என்று கிழிசல் கேட்டதும் ஒருத்தி, "புரியும் சார்" என்று சொல்லிவிட்டாள். புரியும் என்றான பிறகு மேலே என்ன கேட்பது? ஒட்டடைக்குச்சி சுவர் அதிரக் கத்தினாள். கிழிசல் அமைதியாக, "சத்தம் போட்டா எப்படிம்மா பேசறது, நாளைக்கு வா" என்று சொல்லி அனுப்பிவிட்டாள்.

மூன்றாம் நாள் ஒரு விஷயம் எல்லோருக்கும் தெரிய ஆரம்பித்தது. முன்பு போய் வந்தவர்களுக்கும் கையெழுத்து, கண்ணாடி, ஃபோன் என்று இதே வரிசையில்தான் நடந்திருக்கிறது. அந்த மனிதர் ஒவ்வொரு முறையும் அதே நாடகத்தைத்தான் போட்டிருக்கிறார். இவர்கள் பார்வையாளர்களாகப் போய் நின்றுவிட்டு வந்திருக்கிறார்கள்.

கிழிசலுக்கு வேறொன்றும் தெரிய ஆரம்பித்தது. மேசைக்குப் பின்னால் உட்காருவது அவளுக்குப் பிடித்திருந்தது. எதிரே நிற்பவள் விரலைப் பிசைவதைப் பார்க்கும்போது அவள் குரல் தானாகவே தணிந்து இறங்கியது. ஒரு வார்த்தைக்கும் அடுத்த வார்த்தைக்கும் நடுவே அவள் எவ்வளவு நேரம் எடுத்துக்கொண்டாலும் அவர்கள் காத்திருந்தார்கள். இடைவேளை முடிந்த பிறகும் சிலர் அவளைத் தாண்டிப் போகும்போது கொஞ்சம் ஒதுங்கிப் போனார்கள். நாற்பத்தோரு வயதுவரை யாரும் அவளுக்கு ஒதுங்கிப் போனதில்லை. கணவன் போன பிறகு அண்ணன் வீட்டு மாடியில் ஒரே அறையில் இருப்பவள் அவள்.

நான்காம் நாள் அண்ணி எதிரே வந்து நின்றாள். அன்று அண்ணி தயாராக வந்திருந்தாள். கையெழுத்துக்கு அசரவில்லை. கண்ணாடிக்கும் அசரவில்லை. விசிறி நின்ற தேதியைச் சொன்னாள், மயங்கி விழுந்தவள் பெயரைச் சொன்னாள், கதவைத் திறந்து வைத்தால் காவலுக்கு ஒருத்தி முறை வைத்து உட்காருவாள் என்றாள். சுற்றி நின்றவர்கள் தலையாட்டினார்கள். கிழிசலுக்குக் கையிலிருந்து பிடி நழுவுவது போல இருந்தது. தான் தோற்கப் போகிறோம் என்று தெரிந்தது. அண்ணி ஜெயிக்கத்தானே இந்த ஏற்பாடு என்பதை அந்த நிமிஷம் மறந்துபோனாள்.

கண்ணாடியை மெதுவாகக் கழற்றுவது போலக் கழற்றினாள். "அஞ்சாவதோட பள்ளிக்கூடத்தை விட்டவங்க நீங்க. ஒரு லெட்டர் வந்தா எழுத்துக் கூட்டிப் படிக்க அரை மணி நேரம் ஆகுது. நீங்க எனக்குக் கூடம் நடத்தச் சொல்லித் தர்றீங்களா?" என்றாள்.

யாரும் சிரிக்கவில்லை. அண்ணி மேசையில் கிடந்த தன் சாப்பாட்டு டப்பாவை எடுத்துக்கொண்டு வெளியே போனாள்.

அன்று மாலை இருவரும் ஒரே பேருந்தில் வந்தார்கள். வேறு வேறு இருக்கையில். வீட்டில் அண்ணி தட்டு வைத்தாள், தண்ணீர் வைத்தாள், பேசவில்லை. அண்ணன் இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, நல்ல பிள்ளையாகத் தன் தட்டைத் தானே கழுவி வைத்தார். கிழிசல் மாடிக்குப் போய்ப் படுத்தாள். தான் சொன்ன வார்த்தைகள் தன் குரலில் வராமல் மேலாளர் குரலில் வந்தன என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிப் பார்த்தாள். ஒட்டவில்லை.

காலையில் பேருந்து நிறுத்தத்தில் அண்ணிதான் முதலில் பேசினாள். "நேத்து நீ சொன்னது மேனேஜருக்குத் தெரியாது. உனக்குத்தான் தெரியும்."

"தப்புதான் அண்ணி. அந்த இடத்துல உட்கார்ந்ததும் எனக்கு என்னமோ ஆயிடுச்சு. உங்களை ஜெயிக்கணும்னு வெறி வந்துடுச்சு."

அண்ணி வரும் பேருந்தின் எண்ணைப் பார்த்தாள். அவர்களுடையது இல்லை. "அந்த இடத்துல அப்படி என்னதான் இருக்குன்னு நானும் பார்க்கணும்" என்றாள். "இன்னிக்கு நான் உட்கார்றேன். நீ நில்லு."

மதியம் அண்ணி மேசைக்குப் பின்னால் உட்கார்ந்தாள். அவளுக்கு நடிக்க வரவில்லை. கையெழுத்துப் போடும்போது மாவு பிசைவது போலக் கை ஆடியது. இரண்டு பேர் சிரித்தார்கள். கண்ணாடியைத் துடைக்க மறந்துவிட்டு, ஞாபகம் வந்து துடைத்தாள். பிறகு, "சொல்லும்மா, என்ன வேணும்?" என்றாள்.

கிழிசல் வாய் திறக்கவில்லை. கேலிக்காக அல்ல, நேற்று சொன்னதற்கு வெட்கம். அண்ணியின் முகத்தைப் பார்த்தபடி சும்மா நின்றாள்.

"விசிறிதானே? பார்க்கலாம்" என்றாள் அண்ணி. கிழிசல் நின்றாள். "மேல கேட்கணும். என் கையில இல்ல." கிழிசல் நின்றாள். "ஏன் அப்படிப் பார்க்கிற? நான் முடியாதுன்னா சொன்னேன்?" அண்ணியின் நெற்றி வியர்த்தது. "சரி, கதவை வேணா இன்னிக்கே திறக்கச் சொல்றேன், போதுமா?"

சொல்லிவிட்டு அண்ணியே வாயைப் பொத்திக்கொண்டாள். கூடம் ஒரேயடியாகப் பேச ஆரம்பித்தது.

"நீ பேசாம நின்னதும் எனக்குக் கையும் ஓடலை, காலும் ஓடலை" என்றாள் அண்ணி. "பேசினா பதில் சொல்லிடலாம். பேசாம நிக்கிறவளுக்கு என்னத்தைச் சொல்றது? எதையாவது கொடுத்து அனுப்பிடணும்னு தோணுது."

அதற்குப் பிறகு ஒரு வாரம் எல்லோரும் முறை வைத்து மேசைக்குப் பின்னால் உட்கார்ந்தார்கள். ஒட்டடைக்குச்சி மேலாளராக உட்கார்ந்த அன்று கேட்டவர்களுக்கெல்லாம் விடுமுறை கொடுத்தாள். மயங்கி விழுந்தவள் யாருமே எதிர்பாராத அளவுக்குக் கல்நெஞ்சக்காரியாக இருந்தாள். ஒவ்வொருத்தியும் எழுந்து வரும்போது, அங்கே உட்கார்ந்தால் எது உறுத்துகிறது, எது சுகமாக இருக்கிறது என்று சொல்ல வேண்டும். சும்மா இருப்பது லேசான வேலை இல்லை என்பதும் தெரிந்தது. கைகளை எங்கே வைப்பது, எதைப் பார்ப்பது என்று பழகினார்கள். அண்ணி அவருடைய சட்டைப் பையைப் பார்ப்பது என்று முடிவு செய்தாள். கண்ணைப் பார்த்தால் சண்டை, தரையைப் பார்த்தால் பயம், பையைப் பார்த்தால் அவருக்கு எதுவும் விளங்காது.

அடுத்த திங்கட்கிழமை மூவர் போனார்கள். அண்ணி, ஒட்டடைக்குச்சி, கிழிசல்.

மேலாளர் நிமிர்ந்து பார்க்கவில்லை. கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். ஒட்டடைக்குச்சி உதட்டைக் கடித்துக்கொண்டு ஜன்னலைப் பார்த்தாள். அண்ணி எதிரே இருந்த நாற்காலியை நெருங்கி, "இந்த ஃபைலையெல்லாம் எங்க வைக்கட்டும் சார்?" என்று கேட்டாள். பேனா நின்றது. யாரும் அவரிடம் அதைக் கேட்டதில்லை. "அங்க... அந்த அலமாரி மேல" என்றார். அண்ணி மடித்த விரிப்புகளை எடுப்பது போல ஒரே அடுக்காக எடுத்து அலமாரி மேல் வைத்துவிட்டு வந்து உட்கார்ந்தாள். மற்ற இருவரும் அவள் இரு தோள்களுக்கும் பின்னால் நின்றார்கள்.

கண்ணாடி கழன்றது. துடைக்கப்பட்டது. ஃபோன் மட்டும் வரவில்லை. தானும் அவர்கள் குடும்பத்தில் ஒருத்தன் என்று அவர் சொன்னார். அண்ணி தலையாட்டிவிட்டு, விசிறி, கதவு, இயந்திரத்தில் நிற்பவர்களுக்கு மணிக்கு ஒரு முறை ஆள் மாற்றம் என்று மூன்று விஷயம் சொன்னாள். சொல்லி முடித்ததும் கைகளை மடியில் வைத்துக்கொண்டு சட்டைப் பையைப் பார்த்தாள்.

ஆள் மாற்றம் பற்றி யோசிக்கலாம் என்றார். மூவரும் பேசவில்லை. கதவு திறந்திருந்தால் பொருள் போகும் என்றார், காவலுக்கு யார் பொறுப்பு என்றார், பொறுப்புக்கு ஆள் இருந்தால் திறப்பதில் தனக்கு ஆட்சேபணை இல்லை என்று அவரே முடித்தார். இழுப்பறையைத் திறந்து சாவியை எடுத்து மேசை மேல் வைத்தார். ஆள் மாற்றத்தை நாளையே வைத்துக்கொள்ளலாம் என்றார். விசிறி மட்டும் தன் கையில் இல்லை, முதலாளியைக் கேட்க வேண்டும் என்றார். சுவர்க்கடிகாரத்தின் சத்தம் கேட்டது. கிழிசலுக்கு வாய் நமநமத்தது. நாக்கைப் பல்லுக்குள் வைத்து அழுத்திக்கொண்டாள். "பதினஞ்சு நாள் கொடுங்க" என்றார் அவர் கடைசியில்.

"எழுதிக் கொடுத்துடுங்க சார்" என்றாள் அண்ணி.

அவர் எழுதினார். கையெழுத்துப் போட்டு நீட்டினார். அண்ணி வாங்கிக்கொண்டாள், எழுந்திருக்கவில்லை.

"நான் அஞ்சாவதுதான் படிச்சிருக்கேன். மெதுவாத்தான் படிக்க வரும். இங்கயே இருந்து படிச்சுட்டுப் போறேன்."

படித்தாள். ஆள்காட்டி விரலை எழுத்துக்குக் கீழே வைத்து, உதடு அசைய, ஒவ்வொரு சொல்லாக. ஆறு வரிதான். மேலாளர் பேனாவை மூடினார், திறந்தார், மூடினார். அவர் காத்திருந்தார். நான்காவது வரியில் தேதி இல்லை என்று கண்டுபிடித்துத் திருப்பிக் கொடுத்தாள். அவர் தேதி போட்டுத் தந்தார். அதையும் படித்தாள். கிழிசல் பின்னால் நின்று அண்ணியின் கழுத்தையும் அந்த விரலையும் பார்த்துக்கொண்டிருந்தாள். நாடகத்தில் அவள் எத்தனையோ முறை பார்த்த அண்ணி இவள் இல்லை. இந்தக் காட்சியை யாரும் சொல்லிக் கொடுக்கவும் இல்லை.

அன்று மதியம் பின்வாசல் திறந்தது. வெளியே குப்பைத் தொட்டியும் ஒரு சுவரும்தான். ஆனாலும் காற்று வந்தது.

மூன்று நாள் கழித்து மேலாளர் கிழிசலை மட்டும் தனியாகக் கூப்பிட்டனுப்பினார். சுவருக்கும் காது உண்டு, மதிய நாடகத்தைப் பற்றி யாரோ அவரிடம் சொல்லியிருக்கிறார்கள். வேலை போய்விட்டது என்றுதான் நினைத்தாள். போனால் போகிறது, கை நிறையத் தையல் இருக்கிறது என்று நிமிர்ந்தே உள்ளே போனாள். நாற்காலி மேல் ஃபைல் இல்லை. அவர் உட்காரச் சொன்னார்.

"நான் நிஜமாவே அத்தனை தடவை கண்ணாடி துடைக்கிறேனா?" என்று கேட்டார்.

"ஆமா சார்."

அவர் கை மூக்குவரை போய்க் கீழே இறங்கியது. பிறகு கூப்பிட்ட விஷயத்தைச் சொன்னார். வியாழக்கிழமை முதலாளியைப் பார்க்கப் போகிறார். விசிறியைப் பற்றி ஏற்கெனவே இரண்டு முறை கேட்டிருக்கிறாராம். இரண்டு முறையும் வேறு எதற்கோ சம்மதித்துவிட்டு வந்திருக்கிறார். காலையில் கால் மணி நேரம் முன்னதாக வரச் சொன்னதே அப்படி வந்ததுதான். இதைச் சொல்லும்போது அவர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

கிழிசலுக்குச் சிரிப்பு வரும் என்று அவளே எதிர்பார்த்தாள். வரவில்லை. "எனக்கு உங்க முதலாளியைத் தெரியாது சார். எப்படி உட்காருவாரு?" என்று கேட்டாள்.

அவர் சொன்னார். சாய்ந்து உட்காருவார். எதிரே இருப்பவர் பேசும்போது மணி பார்ப்பார். பாதியில், "அப்புறம்?" என்பார். கிழிசல் கேட்டுக்கொண்டாள். பிறகு எழுந்து மேசையைச் சுற்றி வந்தாள். அவர் தயங்கி எழுந்து எதிர்ப்பக்கம் போனார். அவள் அந்த நிஜமான நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தாள். அதற்கு ஒரு கால் குட்டை, சாய்ந்தால் ஆடியது. அவர் ஒரு ஃபைலை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்று, "மன்னிக்கணும், தொந்தரவு பண்றேன்" என்று ஆரம்பித்தார்.

"அப்புறம்?" என்றாள் கிழிசல்.

அவர் குழறினார். மதிய நாடகத்தின் முதல் நாட்களில் பெண்கள் குழறியதைப் போலவே இருந்தது. மூன்று முறை திரும்பச் செய்ய வைத்தாள். நான்காம் முறை அவளுக்குள் பழைய வெறி தலை தூக்கியது. இவரை அழ வைக்க முடியும் என்று தெரிந்தது. அவள் உடனே எழுந்துவிட்டாள். "போதும் சார். மன்னிக்கணும்னு ஆரம்பிக்காதீங்க. அந்த அம்மா மயங்கி விழுந்ததுல ஆரம்பிங்க. சொல்லி முடிச்சதும் வாயை மூடிட்டு நில்லுங்க. அதுதான் கஷ்டம்" என்றாள்.

வெளியே வந்து அண்ணியிடம் சொன்னபோது அண்ணிக்குக் கோபம் வந்தது. எதிராளிக்கே பாடம் எடுத்தாயா என்று கேட்டாள். விசிறி நமக்குத்தானே அண்ணி என்றாள் கிழிசல். அண்ணி யோசித்துவிட்டு, இன்னொரு முறை கூப்பிட்டால் தன்னையும் கூட்டிக்கொண்டு போகச் சொன்னாள்.

விசிறி பதினேழாம் நாள் வந்தது. பதினாறாம் நாள் காலையிலேயே அண்ணி அந்தக் காகிதத்தோடு மேலாளர் அறைக்குப் போய் உட்கார்ந்துவிட்டாள். அவர் மாறிவிட்டார் என்று யாரும் சொல்ல முடியாது. அடுத்த மாதமே வேறொரு விஷயத்துக்குப் போனவர்களைக் கையெழுத்துப் போட்டுக்கொண்டே நிற்க வைத்தார். அவர்களே நாற்காலி இழுத்துப் போட்டுக்கொண்டார்கள்.

ஒரு மதியம் துவைக்கும் பகுதியிலிருந்து ஐந்து ஆண்கள் ஈரக் கால்களோடு வந்து தையல் மெஷின் பக்கத்தில் நின்றார்கள். சோப்புத்தூள் காரம், கையெல்லாம் புண், கையுறை கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது என்றார்கள். அக்கா வந்து மேனேஜராக உட்கார வேண்டும் என்றார்கள்.

கிழிசல் நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். "நான் வந்து பார்க்கிறேன். ஆனா உட்காரப் போறது உங்கள்ல ஒருத்தர்தான். யாரு?"

அவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். கடைசியில், இதுவரை ஒரு வார்த்தையும் பேசாமல் பின்னால் நின்றவர், கொப்புளம் கண்ட கையை மெதுவாக உயர்த்தினார்.